அவர் கதையை அவரிடம் கேட்டோமா?

பல ஆண்டுகளுக்கு முன் தொழுநோயாளர் இல்லம் ஒன்றைக் காணச் சென்றிருந்தோம். வேப்பமர நிழலில் கயிற்றுக் கட்டிலில் அமர்ந்து முதியவர் ஒருவர் செபமாலை சொல்லிக்கொண்டிருந்தார். விரல்கள் தேய்ந்து போயிருந்தமையால் மணிகளை உள்ளங்கையில் வைத்து உருட்டி எண்ணினார். கண்ட அளவிலே நம் நெஞ்சம் உருகிற்று. கால் மணி நேரம் அவரருகே இருந்தோம். அந்நேரத்திலும் பெரும்பகுதி நாமே பேசினோம். வீடு திரும்பிய இரவே எழுத உட்கார்ந்தோம். பெற்ற பிள்ளையும் உற்ற சுற்றமும் கைவிட்ட ஒருவர், இறைவனையே துணையாகக் கொண்டு நாள் கழிக்கிறார் என்று எழுதினோம். அவர் பிறந்த ஊரின் பெயரையும் குறித்தோம். எழுதுகையில் நம் கண்கள் கலங்கியது மெய். படித்தவர் பலரும் கண் கலங்கியதாக மடல் விடுத்தனர். அவ்வில்லத்துக்குச் சிலர் பணமும் அனுப்பினர். நல்லதொரு காரியம் செய்தோம் என்ற நிறைவு நமக்கு.

ஆறு திங்கள் கழித்து மீண்டும் அங்கே சென்றோம். பெரியவர் நம்மை முகமலர்ச்சியோடு வரவேற்று, காப்பி வரவழைத்துக் கொடுத்தார். பிறகு மெல்லச் சொன்னார்: "ஐயா, என்னை யாரும் கைவிடவில்லை. என் மகள் மாதம் தவறாமல் வருவாள். பேத்திக்கு வரன் பார்க்கும் சமயம். இருட்டிய பிறகு வா, ஊரில் என் பேச்சை எடுக்காதே என்று நான்தான் சொல்லி வைத்திருந்தேன். நீங்கள் எழுதியதைப் படித்து ஊரார் அடையாளம் கண்டுகொண்டார்கள். வந்த வரன் தட்டிப் போயிற்று. பெற்ற தகப்பனைக் கைவிட்டவள் என்ற பழியும் அவள் தலையில் விழுந்தது." அவர் குரலில் சினம் இல்லை. "எழுதுமுன் ஒரு வார்த்தை என்னைக் கேட்டிருக்கலாமே" என்பதோடு நிறுத்திக்கொண்டார்.

நாம் செய்தவை இரண்டு. சொல்ல நமக்கு உரிமையில்லாத உண்மை ஒன்றை வெளியிட்டோம். அத்தோடு, நமக்குத் தெரியாத இடத்தில் பொய் ஒன்றை இட்டு நிரப்பினோம். இரண்டையும் வன்மத்தால் செய்யவில்லை; இரக்கத்தால் செய்தோம். நம்மை இந்நாள்வரை உறுத்துவது அதுவே. இரக்கமற்றவன் பிறனுக்குத் தீங்கு செய்வான் என்பது எவரும் அறிந்தது. இரக்கமுள்ளவனும் செய்யக்கூடும் என்பதை அன்று கற்றோம்.

தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால் தெரியும் என்பது நம் வீடுகளில் வழங்கும் பழமொழி. அப்படியானால் பிறர் துன்பத்தைப்பற்றி யாருமே வாய் திறக்கக் கூடாதா? பிறர் நிலையில் தன்னை வைத்து உணரும் உணர்வை ஒத்துணர்வு என்கிறோம். அவ்வுணர்வு இல்லையேல் எந்த எழுத்தாளனும் எழுத முடியாது. எந்தக் குருவும் மறையுரை ஆற்ற முடியாது. நோயுற்ற குழந்தையின் அழுகையைத் தாயும் அறிய முடியாது. ஆகையால் அது வேண்டியதே. அது எதுவரை செல்லலாம், எங்கே நிற்க வேண்டும் என்பதே கேள்வி.

இதற்கு விடை தேடுகையில், தொழுநோயாளர் என்றதும் கத்தோலிக்கக் குடும்பங்களில் யாவருக்கும் நினைவுக்கு வரும் ஒரு தீவு நம் கண்முன் எழுகிறது. தமியான் அடிகளார் வாழ்ந்து மறைந்த மொலோக்காய்த் தீவு அது. அத்தீவு மக்களின் கதையைப் பலர் சொல்லியிருக்கின்றனர். சொன்னவர் அனைவரும் இரக்கமுள்ளவரே. ஆயினும் அவர்கள் சொன்ன விதத்தில் நாம் கற்க வேண்டிய வேறுபாடுகள் உள்ளன.

மலைச்சுவருக்கு அப்பால்

பசிபிக் மாகடலில் உள்ளன ஹவாய்த் தீவுகள். அங்கே அயல்நாட்டார் வரவால் புகுந்த நோய்களுள் தொழுநோயும் ஒன்று. 1865-ஆம் ஆண்டு அந்நாட்டு அரசு, நோய் பரவாது தடுக்கும் பொருட்டு நோயாளரைப் பிரித்து வைக்கும் சட்டம் ஒன்றை இயற்றிற்று. மொலோக்காய்த் தீவின் வடகரையில் நாக்கைப்போல் கடலுக்குள் நீளும் ஒரு நிலப்பகுதி இதற்கெனத் தெரிந்தெடுக்கப்பட்டது. மூன்று புறம் கடல். நான்காம் புறம் 1,600 அடிக்கு மேற்பட்ட செங்குத்தான மலைச்சுவர். 1866 சனவரியில் முதற் குழுவினர் அங்கே இறக்கப்பட்டனர். முதலில் கலாவாவோ என்னும் இடத்திலும், பின்னர் கலாவுபாப்பாவிலுமாகக் குடியேற்றம் அமைந்தது. அச்சட்டம் 1969-இல்தான் நீக்கப்பட்டது. அதற்குள் ஏறத்தாழ 8,000 பேர் அங்கே அனுப்பப்பட்டிருந்தனர். அவர்களுள் மிகப் பெரும்பாலோர் ஹவாய்ப் பழங்குடி மக்கள். கணவனிடமிருந்து மனைவியும், தாயிடமிருந்து சேயும் பிரிக்கப்பட்டனர்.

இந்நோய்க்குக் காரணமான கிருமியை நார்வே நாட்டு மருத்துவர் ஹான்சன் 1873-இல் கண்டறிந்தார். இன்று கூட்டு மருந்துச் சிகிச்சையால் இது முற்றும் குணமாகக்கூடிய நோய். அன்றோ, நாடுகடத்தலையன்றி வேறு வழி அறியார் ஆட்சியாளர்.

'நாம்' என்னும் சொல்லின் விலை

ஹான்சன் கிருமியைக் கண்டறிந்த அதே 1873-ஆம் ஆண்டு மே 10-ஆம் நாள் தமியான் அடிகளார் கலாவாவோவில் கால் வைத்தார். அப்போது அவருக்கு வயது 33. பெல்ஜிய நாட்டில் திரெமெலோ என்னும் ஊரில் பிறந்தவர். இயேசு மரியின் திரு இருதயங்கள் சபையைச் சேர்ந்தவர். ஹவாய்க்கு வரவேண்டியவர் அவருடைய தமையனார். தமையனார் நோயில் விழவே, அவருக்குப் பதிலாக இவர் 1864-இல் வந்தார். ஒன்பது ஆண்டு பெரிய தீவில் பணியாற்றி, மக்களின் மொழியைக் கற்றுத் தேர்ந்த பின்னரே மொலோக்காய் சேர்ந்தார்.

அவரைப்பற்றி நாம் சிறுவயதில் கேட்ட கதை ஒன்று உண்டு. பல ஆண்டு பணியாற்றிய பின் ஒருநாள் வெந்நீரில் கால் பட்டும் சூடு தெரியாமையால் தமக்கு நோய் வந்துவிட்டதை அறிந்தாராம். அதுவரை 'சகோதரரே' என்று மறையுரையைத் தொடங்கியவர், அடுத்த ஞாயிறன்று 'தொழுநோயாளராகிய நாம்' என்று தொடங்கினாராம். உள்ளத்தைத் தொடும் கதைதான். ஆனால் அவருடைய கடிதங்கள் வேறொன்றைக் காட்டுகின்றன. அங்கே சென்ற ஏறத்தாழ ஆறு மாதத்தில், 1873-இன் இறுதியிலேயே, மறையுரையில் தாம் 'தொழுநோயாளராகிய நாம்' என்றே சொல்வதாகத் தமையனாருக்கு எழுதியிருக்கிறார். நோய் அவரிடம் தென்பட்டதோ அதற்குப் பதினோர் ஆண்டுகள் கழித்து.

இந்தச் சிறு வேறுபாடு நமக்குப் பெரிதாகத் தோன்றுகிறது. தமிழில் 'நாங்கள்' என்றும் 'நாம்' என்றும் இரண்டு சொற்கள் உண்டு. கேட்பவரை விலக்கி நிற்பது 'நாங்கள்'. கேட்பவரையும் உள்ளடக்குவது 'நாம்'. ஹவாய் மொழியிலும் இவ்வாறே இருவேறு சொற்கள் உண்டு. இத்தகைய மொழி பேசுவோர் நடுவே நின்று பிறரோடு தன்னையும் சேர்த்துப் பேசுவது விளையாட்டன்று. நலமான உடம்போடு ஒருவர் வந்து 'தொழுநோயாளராகிய நாம்' என்றால், கேட்போர் நகைக்கலாம், சினக்கவும் செய்யலாம். உன் கையைப் பார், எங்கள் கையைப் பார் என்று கேட்கலாம்.

அடிகளார் அச்சொல்லுக்கு உரிய விலையை நாள்தோறும் கொடுத்தார். சேப்பங்கிழங்கை வேகவைத்து இடித்துச் செய்யும் கூழ் அம்மக்களின் உணவு. ஒரே கலத்தில் யாவரும் விரலிட்டு உண்பது வழக்கம். அவரும் அவ்வாறே உண்டார். தம் புகைக்குழாயை அவர்களோடு பகிர்ந்துகொண்டார். புண்களைக் கழுவிக் கட்டினார், வீடு கட்டினார், தண்ணீர்க் குழாய் அமைக்க உழைத்தார், சவப்பெட்டி செய்தார், குழி வெட்டினார். பதினாறு ஆண்டு அவர்களோடு வாழ்ந்து, 1889 ஏப்ரல் 15-ஆம் நாள், தம் 49-ஆம் வயதில், அதே நோயால் இறந்தார். 2009-ஆம் ஆண்டு அக்டோபர் 11-ஆம் நாள் திருத்தந்தை 16-ஆம் ஆசீர்வாதப்பர் அவரைப் புனிதராக உயர்த்தினார்.

அவருடைய 'நாம்' உணர்ச்சிப் பெருக்கில் உதிர்ந்த சொல்லன்று. கொடுத்துத் தீர்க்கவேண்டிய கடன்பத்திரம். முதலில் சொன்னார், பிறகு வாழ்நாள் முழுதும் அதைத் தீர்த்தார். இக்கட்டுரையில் நாமும் வரிக்கு வரி 'நாம்' என்று எழுதுகிறோம். மைச்செலவைத் தவிர வேறு செலவு நமக்கில்லை.

புனிதருக்குப் பின்னே நின்றவர்கள்

அடிகளாரின் கதையைச் சொல்வோர் வழக்கமாக ஒரு காட்சியோடு தொடங்குவர். அவர் வருமுன் அவ்விடம் நரகம். சட்டமில்லை, ஒழுங்கில்லை, இறைப்பற்றில்லை. மனிதர் விலங்குகளாய் உழன்றனர். அவர் வந்தார், யாவும் மாறின. நாமும் இப்படியே சொல்லியிருக்கிறோம். மறைக்கல்வி வகுப்பில் இப்படியே கேட்டிருக்கிறோம்.

அங்கே பசியும் குளிரும் பூசலும் சாவும் மலிந்திருந்தது உண்மை. அரசு போதிய உணவும் உறையுளும் தரவில்லை. ஆயினும் அது முழு உண்மையன்று. 1866-ஆம் ஆண்டிலேயே, முதற் குழுவினர் இறங்கிய அதே ஆண்டின் இறுதியில், அங்கிருந்த நோயாளர் தாமே கூடிச் சிலோவாமா என்னும் பெயரால் புராட்டஸ்டண்டு சபையொன்றை நிறுவினர். கத்தோலிக்கருக்கான புனித பிலோமினாள் ஆலயம் அடிகளார் வருவதற்கு முந்திய ஆண்டில், 1872-இல், எழுப்பப்பட்டது. நலமுள்ள மனைவியர் நோயுற்ற கணவரோடும், நலமுள்ள கணவர் நோயுற்ற மனைவியரோடும் தாமாகவே அங்கே சென்று பணிவிடை செய்தனர். அத்தகையோரைக் 'கோக்குவா', அதாவது துணைநிற்போர், என்று அம்மக்கள் அழைத்தனர். யோனத்தான் நாப்பேலா என்னும் ஹவாய்ப் பெருமகனார் நோயுற்ற தம் மனைவியை விட்டுப் பிரிய மனமின்றி 1873-இல் அவருடன் சென்றார். மார்மோன் சபையைச் சேர்ந்த அவர் அடிகளாருக்கு நண்பரானார். தாமும் நோயுற்று 1879-இல் அங்கேயே இறந்தார்.

இவர்களைப்பற்றி நமக்கு ஏன் யாரும் சொல்லவில்லை? அவர்கள் எழுத்தறியாதவரும் அல்லர். அக்காலத்து ஹவாய் மக்களுள் பெரும்பாலோர் தம் மொழியில் எழுதப் படிக்கத் தெரிந்தவர். நோயாளர் அரசுக்கு மனுக்கள் எழுதினர். ஹவாய் மொழிச் செய்தித்தாள்களுக்குக் கடிதங்கள் எழுதினர். அவை இருந்தன. நாம்தாம் படிக்கவில்லை. புனிதரின் ஒளியை மிகுத்துக் காட்டும் ஆவலில் அவரைச் சுற்றியிருந்தவர்களை இருளாக்கிவிட்டோம். உதவி பெற்றவரைத் தாழ்த்தினால்தான் உதவி செய்தவர் உயர்வார் என்று எண்ணுவது நம் கதை சொல்லும் வழக்கத்தில் ஊறிப்போன பிழை. தமியான் அடிகளாருக்கு அத்தகைய உதவி தேவையில்லை. அவர் விலங்குகளிடம் செல்லவில்லை. தம்மைப் போன்ற மனிதரிடம் சென்றார். அதனாலேயே 'நாம்' என்று அவரால் சொல்ல முடிந்தது.

ஒரு வார விருந்தினர்

அடிகளார் இறந்து ஐந்து வாரம் கழித்து, 1889 மே மாதம், ஸ்காட்லாந்து நாட்டு எழுத்தாளர் ராபர்ட் லூயி ஸ்டீவன்சன் கலாவுபாப்பாவுக்கு வந்தார். 'புதையல் தீவு' எழுதிய அதே ஸ்டீவன்சன்தான். தாமும் நெஞ்சுநோயால் வாழ்நாளெல்லாம் வருந்தியவர். கத்தோலிக்கர் அல்லர். ஒரு வாரம் அங்கே தங்கினார். அருட்சகோதரியரின் பொறுப்பிலிருந்த சிறுமியரோடு பந்தாட்டம் ஆடினார். சென்றபின் அவர்களுக்கென ஒரு பியானோ வாங்கி அனுப்பினார்.

இதற்குள் ஹொனலூலுவில் வாழ்ந்த ஹைடு என்னும் புராட்டஸ்டண்டு போதகர், அமெரிக்காவிலிருந்த நண்பர் ஒருவருக்கு எழுதிய தனிமடல் அச்சேறிவிட்டது. தமியான் அழுக்கானவர், முரடர், ஒழுக்கத்திலும் தூயவர் அல்லர் என்று அதில் கண்டிருந்தது. செவிவழி வந்த பேச்சையே அவர் எழுதினார். ஸ்டீவன்சன் கொதித்தெழுந்தார். 1890 பிப்ரவரியில் சிட்னி நகரிலிருந்து ஹைடுக்கு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதி வெளியிட்டார். உலகெங்கும் படிக்கப்பட்ட கடிதம் அது.

அதன் வலிமை எங்கிருந்து வந்தது? உணர்ச்சி மட்டுமன்று. அவர் நேரில் சென்றிருந்தார். அடிகளாரோடு முரண்பட்ட புராட்டஸ்டண்டு மக்களிடமே விசாரித்திருந்தார். அடிகளாரின் முன்கோபத்தையும் பிடிவாதத்தையும் மறைக்காமல் ஒப்புக்கொண்டார். குறைகளோடு கூடிய அந்த மனிதரே பெரியவர் என்று காட்டினார். பிறர் கதை சொல்வோர் இதனைப் பாடமாகக் கொள்ளலாம்.

ஆயினும் இரண்டு இடங்களில் அவருடைய பரிவு நின்றுவிட்டது. ஒன்று, ஹைடை அவர் கிழித்தெறிந்தார். தமியானைக் காத்தது தகும் என்றாலும், ஹைடை அவ்வளவு கடுமையாகத் தாக்கியிருக்கவேண்டியதில்லை என்று பின்னர் ஒரு கடிதத்தில் அவரே வருந்தினார். ஒருவர்பால் நாம் கொள்ளும் பரிவு மற்றொருவர்பால் கொடுமையாக மாறக்கூடும் என்பதை அவர் உணர்ந்துகொண்டார். மற்றொன்றை அவர் உணர்ந்ததாகத் தெரியவில்லை. அக்கடிதத்தில் நோயாளரைக் காணும்போது, கெட்ட கனவில் வரும் உருவங்களாகவே காண்கிறோம். தம்மோடு பந்தாடிய சிறுமியரின் சிரிப்பு அங்கே இல்லை. தமியானின் தியாகம் பெரிதாகத் தோன்றும்பொருட்டு நோயாளர் அச்சத்தின் திரையாகத் தொங்கவிடப்பட்டனர். அவர்களுள் ஒருவரேனும் அக்கடிதத்தைப் படித்தால் என்ன எண்ணுவார் என்ற வினா அவருக்கு எழவில்லை போலும்.

மனைவி இல்லாத கதை

பதினெட்டு ஆண்டுக்குப் பின், 1907-இல், அமெரிக்க எழுத்தாளர் ஜாக் லண்டன் அங்கே வந்தார். சில நாள் மக்களோடு கலந்து பழகி, அவர்களுடைய விளையாட்டும் விழாவும் கண்டு, வெளியார் எண்ணுவதுபோல் அது கொடிய இடமன்று என்று நேர்மையாக ஒரு கட்டுரை வரைந்தார். ஆனால் 1909-இல் அவர் எழுதி வெளியிட்ட சிறுகதை வேறுவிதமானது.

அது கோலாவு என்னும் உண்மை மனிதரைப்பற்றியது. கவாய்த் தீவைச் சேர்ந்த மாட்டுப்பண்ணை வீரர் அவர். நோய் கண்டபோது, மொலோக்காய்க்குச் செல்ல வேண்டும், மனைவி உடன் வரக் கூடாது என்றனர். அவர் மறுத்தார். மனைவி பீலானியோடும் சிறுவயது மகனோடும் கலாலாவு என்னும் பள்ளத்தாக்கில் சென்று தங்கினார். 1893-இல், ஹவாய் அரசி அரியணையிலிருந்து இறக்கப்பட்ட ஆண்டில், அவரைப் பிடிக்க வந்த அதிகாரி ஒருவர் அவர் துப்பாக்கிக்கு இரையானார். புதிய ஆட்சியினர் படைவீரரையும் பீரங்கியையும் அனுப்பினர். கோலாவு பிடிபடவேயில்லை. அந்த மலைக்காட்டில் ஆண்டுக்கணக்கில் மறைந்து வாழ்ந்தனர். மகனுக்கும் நோய் கண்டு அவன் முதலில் இறந்தான். பின்னர் கோலாவும் இறந்தார். இருவரையும் அடக்கம் செய்துவிட்டுப் பீலானி தன்னந்தனியே மலையேறி ஊர் திரும்பினார்.

ஜாக் லண்டனின் கதையில் கோலாவு உண்டு, துப்பாக்கி உண்டு, தம் நாட்டை அபகரித்தவரை எதிர்த்து அவர் முழங்கும் முழக்கமும் உண்டு. ஆசிரியரின் பரிவு முழுவதும் அவர் பக்கமே. ஆனால் மனைவி இல்லை, மகன் இல்லை. அவர்கள் இருந்த இடத்தில் உருச்சிதைந்த நோயாளர் கூட்டம் ஒன்றை ஆசிரியர் கற்பனை செய்து நிறுத்தினார். கடைசியில் அவர்களும் ஓடிவிட, கோலாவு தனியே மடிகிறார். இக்கதையை அவருக்குச் சொன்னவர் அவருடைய கப்பலில் பணியாற்றிய இளைஞர் ஒருவர், கொல்லப்பட்ட அதிகாரியின் மகன், என்பர்.

பீலானி அப்போது உயிரோடிருந்தார். அதுமட்டுமன்று, அவர் தம் கதையைச் சொல்லியும் விட்டார். கெலெக்கோனா என்னும் ஹவாய் எழுத்தாளர் அவர் வாய்மொழியைக் கேட்டெழுதி, 1906-இல், ஜாக் லண்டன் வருவதற்கு ஓராண்டு முன்பே, ஹவாய் மொழியில் நூலாக வெளியிட்டிருந்தார். அந்நூலில் வீரம் உண்டு. ஆனால் அதன் உயிர் வீரத்தில் இல்லை. கணவனையும் மகனையும் காக்க ஒரு பெண் பட்ட பாடே அதன் உயிர். நோயற்ற பீலானி விரும்பியிருந்தால் என்றோ வீடு திரும்பியிருக்கலாம். அவர் திரும்பவில்லை. கோலாவு துப்பாக்கி ஏந்தியது எதற்காக என்ற கேள்விக்கு விடை அந்த மனைவியிடமே இருந்தது. அவரை நீக்கியபோது கதையின் காரணமே நீங்கிப்போயிற்று.

கெலெக்கோனாவும் தம் நடையழகைச் சேர்க்காமல் இல்லை. ஆனால் அவர் பீலானியின் முன் அமர்ந்து, பீலானியின் மொழியில் கேட்டு, பீலானியின் பெயரோடு வெளியிட்டார். ஜாக் லண்டனின் கதை உடனே ஆங்கில உலகெங்கும் பரவிற்று. பீலானியின் நூல் ஆங்கிலத்தில் தனி நூலாக வெளிவர 2001 வரை காத்திருக்க நேர்ந்தது. நாம் பிறருக்காகப் பேசும்போது, அவர் குரலை அறியாமலே அமுக்கிவிடுகிறோமோ என்று அஞ்சவேண்டியது இதனால்தான்.

பின்னாளில் கலாவுபாப்பா மக்கள் தாமே பேச முன்வந்தனர். ஒலிவியா பிரெய்த்தா என்னும் அம்மையார் 1934-இல், 18 வயதில், நோய் கண்டு பிரித்து வைக்கப்பட்டவர். 1988-இல் தம் வாழ்க்கையைத் தாமே எழுதி வெளியிட்டார். நோயின் பெயரையே மனிதரின் பெயராக்கி அழைப்பதை அவரும் அவர் தோழரும் வன்மையாக எதிர்த்தனர். தமிழிலும் முன்னர் 'குஷ்டரோகி' என்றோம். இப்போது 'தொழுநோயாளர்' என்கிறோம். சொல் மாறியது நன்றே. எனினும், அவருக்கு ஒரு பெயரும் ஊரும் தொழிலும் உறவும் உண்டு என்பதை நினைவில் கொள்ளாவிட்டால், எந்தச் சொல்லும் சிறைதான்.

இறைமகன் கேட்ட கேள்வி

மாற்கு நற்செய்தி 10-ஆம் அதிகாரத்தில் பார்வையற்ற பர்த்திமேயு வழியோரம் அமர்ந்து கூவுகிறார். கூட்டத்தினர் அவரை அதட்டி அடக்குகின்றனர். இயேசுவோ நின்று, அவரை அழைத்து, தம்மிடம் அவர் விரும்புவது என்ன என்று வினவுகிறார். பார்வையற்றவர் வேறு எதைக் கேட்பார்? நமக்குக் கூடத் தெரிகிறதே! அனைத்தும் அறிந்தவர் ஏன் கேட்டார்? அம்மனிதர் தம் வாயால் சொல்லவேண்டும் என்பதற்காக என்றே நமக்குத் தோன்றுகிறது.

அதே நற்செய்தியின் 5-ஆம் அதிகாரத்தில், பன்னிரண்டு ஆண்டு உதிரப்போக்கினால் வருந்திய பெண் ஆண்டவரின் ஆடையைத் தொட்டு நலமடைகிறாள். நலம் கிடைத்துவிட்டது, ஆண்டவர் தம் வழியே போயிருக்கலாம். அவர் நின்றார், தொட்டவர் யார் என்று கேட்டார். அவள் நடுங்கியபடியே முன்வந்து, உண்மை முழுவதையும் தானே சொன்னாள். சீடருள் ஒருவர் அவளுக்காகப் பேசவில்லை. ஆண்டவர் பொறுமையோடு கேட்டு முடித்த பிறகே அவளை மகளே என்று அழைத்தார்.

நம் இல்லங்களில்

வாசகர்களே, இவையெல்லாம் எழுத்தாளருக்குரிய செய்திகள், நமக்கென்ன என்று எண்ணவேண்டா. பிறர் கதையை நாள்தோறும் சொல்லாத வீடு ஏது? செபக்கூட்டத்தில் 'வேண்டுதலுக்காகச் சொல்கிறேன்' என்று தொடங்கி, அடுத்த வீட்டுப் பெண்ணின் துயரத்தை அவள் அறியாமலே விரித்துரைக்கிறோம். அரிசியும் சேலையும் வழங்கும்போது, வாங்குபவர் தலைகுனிந்து நிற்க, படம் எடுத்துக் கைபேசியில் ஊரெங்கும் அனுப்புகிறோம். பிள்ளையின் குறையை விருந்தினர்முன் பிள்ளையை வைத்துக்கொண்டே பேசுகிறோம். எல்லாம் இரக்கத்தால்தான்!

அதற்காக வாய்மூடி இருப்பதும் அறமன்று. தமியான் அடிகளார் ஓயாமல் அரசுக்கும் அயல்நாட்டாருக்கும் எழுதினார். அவரைப்பற்றிப் படித்து உருகிய ஆங்கிலிக்கன் குரு ஹியூ சாப்மன் 1886-இல் இலண்டனில் நிதி திரட்டி அனுப்பினார். பிறர் சொல்லாவிடில் அவ்வுதவி வந்திராது. பேச முடியாதவருக்காகப் பேசியே ஆகவேண்டிய வேளைகள் உண்டு. ஆனால் பேச முடிந்தவரைப் பேசவிடாமல் நாம் முந்திக்கொள்ளலாகாது.

நமக்கு நாமே வகுத்துக்கொண்ட சில நியமங்களை இங்கே சொல்லி வைக்கிறோம். முதலாவது, சொல்லுமுன் உரியவரின் இசைவைப் பெறுவது, இசையாவிடில் விட்டுவிடுவது. இரண்டாவது, தெரியாத இடத்தை நம் கண்ணீரால் நிரப்பாதிருப்பது. மூன்றாவது, எழுதியதை முதலில் அவருக்கே படித்துக் காட்டுவது. நான்காவது, உதவியவரை உயர்த்துவதற்காக உதவி பெற்றவரைத் தாழ்த்தாதிருப்பது. பரிவு நம்மை வாசல்வரை அழைத்துச் செல்லும். அங்கே நின்று குரல் கொடுக்கவேண்டும். வீட்டுக்காரர் வாருங்கள் என்றால் மட்டுமே உள்ளே போகலாம்.

வேப்பமரத்தடிப் பெரியவரிடம் அதன்பின் பலமுறை சென்றோம். பேனாவை எடுக்கவில்லை, கேட்டுக்கொண்டிருந்தோம். தம் இளமையையும், மணவாழ்வையும், நோய் வந்த நாளையும், மகளை வளர்த்த பாட்டையும் மூன்று மாலைப் பொழுதுகளில் சொல்லி முடித்தார். நாம் முன்பு எழுதிய கட்டுரைக்கும் அதற்கும் எவ்வித ஒற்றுமையும் இல்லை. பேத்திக்குப் பின்னர் வேறொரு நல்ல இடத்தில் திருமணம் நடந்தது என்பதையும் அவர் சொல்லித்தான் அறிந்தோம். நம் பிழையை ஒருநாள் எழுதலாமா என்று கேட்டோம். சற்று நேரம் யோசித்துவிட்டு, "என் கதை என்னோடு இருக்கட்டும் ஐயா. நீங்கள் செய்த தப்பு உங்கள் கதை, அதை நீங்கள் எழுதலாம்" என்றார்.

ஆகையால் அதை மட்டும் எழுதினோம்.